கார்ல் ஷூர்ட்ஸ்: அகதியாக வந்து அமைச்சரான சட்டத்தரணி

1849ஆம் ஆண்டு ஜூலை 23ஆம் திகதி. ஜேர்மனியின் தென்மேற்கே ராஸ்டாட் என்னும் கோட்டை நகரை மூன்று கிழமைகளாகச் சுற்றி வளைத்திருந்த பிரஷ்ய இராணுவத்திடம், உள்ளேயிருந்த புரட்சிப் படையினர் சரணடைகிறார்கள். ஆயுதங்களைக் கீழே போட அவர்கள் வரிசையாக வெளியே நடந்துகொண்டிருக்கும் அதே வேளையில், இருபது வயது இளைஞன் ஒருவன் இரண்டு தோழர்களுடன் நகரத்தின் கழிவுநீர்ச் சுரங்கத்துக்குள் இறங்குகிறான். அவன் பிரஷ்யப் பிரஜை. பிடிபட்டால் துப்பாக்கிக் குண்டுதான் என்பது அவனுக்குத் தெரியும். முதல் முயற்சி பலிக்கவில்லை. சுரங்கத்தின் வெளிவாயில் பக்கம் காவல் இருந்தது. திரும்பி வந்து சில நாட்கள் பட்டினியோடு ஒளிந்திருந்தார்கள். பிறகு மறுபடியும் அதே சுரங்கத்துக்குள் இறங்கி, குனிந்தபடி கழிவுநீரில் நடந்து வயல்வெளியில் வெளிப்பட்டு, றைன் நதியைப் படகில் கடந்து பிரான்சின் கரையில் ஏறினார்கள்.

அந்த இளைஞனின் பெயர் கார்ல் ஷூர்ட்ஸ். அமெரிக்காவில் இவர் சட்டத்தரணியாகி, தூதுவராகி, இராணுவ ஜெனரலாகி, 1869இல் செனட் சபை உறுப்பினராகி, 1877இல் அமைச்சருமானார். ஆபிரகாம் லிங்கனின் மரக்குடிசைக் கதையை எங்களில் பலர் ஊரில் பள்ளிக்கூடத்திலேயே படித்துவிட்டோம். அந்த லிங்கனுக்காக மேடை மேடையாக ஏறிப் பேசிய இந்த அகதியைப் பற்றி நம்மவர்கள் அதிகம் அறியவில்லை. புதிய நாட்டில் புதிய மொழியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருக்கும் எமது வாசகர்களுக்கு இவருடைய கதை சுவாரசியமாக இருக்கும் என்பதால் சற்று விரிவாகவே எழுதுகிறோம். இவரைப் புகழ்ந்து மட்டும் எழுத முடியாது என்பதையும் இப்போதே சொல்லிவிடுகிறோம்.

ஷூர்ட்ஸ் 1829 மார்ச் 2ஆம் திகதி கொலோன் நகருக்கு அண்மையிலுள்ள லிப்லார் கிராமத்தில் பிறந்தார். தந்தை கிராமப் பள்ளி ஆசிரியர். மகன் படித்துப் பேராசிரியராக வேண்டுமென்பது வீட்டாரின் ஆசை. அவரும் பொன் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். அங்கே கொட்ஃப்ரீட் கிங்கெல் என்ற பேராசிரியரின் விரிவுரைகளில் மனம் பறிகொடுத்தார். அப்போது ஜேர்மனி ஒரே நாடாக இருக்கவில்லை. பல மன்னர்களும் சிற்றரசர்களும் ஆண்ட துண்டுகளாக இருந்தது. ஒரே நாடு, அரசியலமைப்பு, மக்களால் தெரிவுசெய்யப்பட்ட பாராளுமன்றம் என்ற கோரிக்கைகளோடு 1848இல் புரட்சி வெடித்தது. ஆசிரியரும் மாணவரும் ஒன்றாகவே அதில் குதித்தார்கள். மறு ஆண்டு புரட்சி நசுக்கப்பட்டது. மாணவர் சுரங்கவழியே தப்பினார். ஆசிரியர் காயப்பட்டுப் பிடிபட்டார். ஆயுட்சிறைத் தண்டனை கிடைத்தது. கவிதை எழுதிய கைகள் சிறையில் கம்பளி நூல் நூற்றன.

சுவிற்சர்லாந்து சென்ற ஷூர்ட்ஸ் அங்கேயே பாதுகாப்பாக இருந்திருக்கலாம். கிங்கெலின் மனைவி யொஹானாவின் கடிதங்கள் அவரை இருக்கவிடவில்லை. மைத்துனர் ஒருவரின் கடவுச்சீட்டில் 1850இல் பிரஷ்யாவுக்குள் மறுபடியும் நுழைந்தார். (பிறருடைய கடவுச்சீட்டில் எல்லை கடப்பது எங்கள் காலத்துக் கண்டுபிடிப்பு அல்ல என்பதைக் கவனியுங்கள்.) பெர்லினுக்கு அருகே ஸ்பாண்டௌ சிறையில் கிங்கெல் அடைக்கப்பட்டிருந்தார். மாதக்கணக்காக விசாரித்து, பொறுமையாகப் பழகி, சிறைக்காவலர் ஒருவரை ஷூர்ட்ஸ் தன் பக்கம் இழுத்தார். நவம்பர் 5ஆம் திகதி இரவு எல்லாம் ஆயத்தம். ஆனால் வேண்டிய திறப்பு கிடைக்கவில்லை. மறுநாள் இரவு அந்தக் காவலர் பேராசிரியரைக் கூரைப்பக்கச் சாளரத்தால் கயிற்றில் கட்டி இறக்கினார். கயிறு உரசி ஓடும் கல்லும் விழுகிற சத்தம் வெளியே கேட்காமலிருக்க, கீழே தெருவில் ஒரு குதிரைவண்டியைத் தடதடவென்று ஓட்டவைத்தார்கள். பின்பு இரவோடிரவாக வடக்கே விரைந்து, பால்டிக் கடற்கரையில் கப்பலேறி ஸ்கொட்லாந்து போய்ச் சேர்ந்தனர். ஐரோப்பியப் பத்திரிகைகள் எல்லாம் இதையே எழுதின. ஷூர்ட்ஸுக்கு அப்போது வயது இருபத்தொன்று.

வீரச்செயல் ஒரு இரவோடு முடிந்துவிடும். அகதி வாழ்வு அப்படி முடிவதில்லை. பாரிஸில் இருந்தபோது பொலிசார் பிடித்துச் சில நாட்கள் அடைத்து வைத்து நாட்டைவிட்டுப் போகச் சொன்னார்கள். லண்டனில் ஜேர்மன் பாடமும் இசையும் கற்பித்து வயிறு வளர்த்தார். அங்கே கூடியிருந்த ஜேர்மன் அகதிகள், அடுத்த புரட்சி இதோ வருகிறது, ஊருக்குத் திரும்பிவிடலாம் என்று நாளும் பொழுதும் கதைத்துக்கொண்டிருந்தார்கள். 1851 டிசம்பரில் பிரான்சில் லூயி நெப்போலியன் ஆட்சியைக் கைப்பற்றியதோடு அந்த நம்பிக்கையும் போயிற்று. தாய்நாட்டின் கதவு மூடிவிட்டது, இங்கிலாந்தில் என்றைக்கும் அந்நியனாகவே இருப்பேன் என்று எண்ணி, லண்டன் ஹைட் பூங்காவின் இருக்கையொன்றில் அமர்ந்து அவர் முடிவெடுத்தார். 1852இல் ஹம்பேர்க் நகரைச் சேர்ந்த மார்கரெத்த மேயர் என்ற பெண்ணை லண்டனில் திருமணம் செய்தார். அதே ஆண்டு செப்டெம்பர் 17ஆம் திகதி இருவரும் நியூயோர்க்கில் வந்திறங்கினர். மனைவி வசதியான குடும்பத்துப் பெண். அவருடைய பணம் முதல் சில ஆண்டுகளுக்குக் கைகொடுத்தது. வெறுங்கையோடு வந்து முன்னேறியவர் என்று இவரைப் பற்றி எழுதினால் அது சரியாகாது.

ஆங்கிலம் கற்ற விதம்

இறங்கியபோது ஷூர்ட்ஸுக்கு ஆங்கிலத்தில் உரையாடத் தெரியாது. லண்டனில் இருந்தும் அவர் கற்றுக்கொள்ளவில்லை; திரும்பிப் போகத்தானே போகிறோம் என்ற எண்ணத்தில் தம்மவர்களுக்குள்ளேயே இருந்துவிட்டார். பிலடெல்பியாவில் குடியேறிய பின்னர்தான் மும்முரமாக இறங்கினார். எப்படிக் கற்றார் என்பதைத் தமது சுயசரிதையில் விபரமாக எழுதியிருக்கிறார். இலக்கணப் புத்தகத்தைத் தொடவேயில்லை என்கிறார். உள்ளூர்ப் பத்திரிகையை எடுத்து ஆசிரிய தலையங்கம், செய்தி, நேரம் கிடைத்தால் விளம்பரம் என்று ஒவ்வொரு நாளும் வாசித்தார். அடுத்துக் கதைப் புத்தகங்கள்: கோல்ட்ஸ்மித், வால்டர் ஸ்கொட், டிக்கின்ஸ், தக்கரே. பிறகு மக்கோலேயின் கட்டுரைகளும் பிளாக்ஸ்டனின் சட்ட நூலும். ஷேக்ஸ்பியரைக் கடைசியாக வைத்துக்கொண்டார். தெரியாத சொல் வந்தால் தாண்டிப்போவதில்லை என்றொரு விரதம். அகராதி எப்போதும் பக்கத்தில் இருந்தது.

இவை எல்லோரும் செய்யக்கூடியவை. அவர் செய்த இன்னொரு காரியம் புதுமையானது. பதினெட்டாம் நூற்றாண்டில் ஜூனியஸ் என்ற புனைபெயரில் வந்த அரசியல் கடிதங்கள் ஆங்கில உரைநடைக்குப் பெயர்போனவை. அவற்றில் சிலவற்றை ஜேர்மன் மொழியில் பெயர்த்து எழுதினார். சில நாட்கள் கழித்து, மூலத்தைப் பார்க்காமல், தமது ஜேர்மன் பெயர்ப்பை மீண்டும் ஆங்கிலமாக்கினார். பிறகு மூலத்தோடு ஒப்பிட்டு எங்கே சறுக்கினோம் என்று பார்த்தார். புதிய மொழியைப் படிக்கத் தாய்மொழியையே ஏணியாக வைத்த முறை இது. எங்கள் வீட்டு இளையவர்களிடம் செய்துபார்க்கச் சொல்லலாம். ஒரு பேனையும் ஒரு கொப்பியும் போதும். ஏழாவது ஆண்டில் பொஸ்டன் நகரப் படித்தவர்கள் கூடிய மண்டபத்தில் இவர் ஆங்கிலத்தில் பேசினார் என்றால் முறையின் பலன் விளங்கும்.

வாட்டர்டவுன் வீடு

1855இல் விஸ்கொன்சின் மாநிலத்தில் வாட்டர்டவுன் என்ற சிற்றூரில் நிலம் வாங்கினார்கள். அவ்வூரில் ஜேர்மனியர் மிகுதி. பெற்றோரும் சகோதரிகளும்கூட அங்கே வந்து சேர்ந்தனர். கணவர் பொதுவாழ்வுக்கு ஆயத்தமாகிக்கொண்டிருந்தபோது மனைவி செய்த ஒரு காரியம், அவர் செய்த பலவற்றைவிட நீண்டகாலம் நிலைத்து நிற்கிறது.

மார்கரெத்த இளம்பெண்ணாக ஹம்பேர்க்கில் இருந்தபோது, பாலர் கல்வியின் தந்தை எனப்படும் ஃப்ரோபலின் விரிவுரைகளைக் கேட்டவர். லண்டனில் தமது தமக்கை நடத்திய பாலர் பள்ளியையும் கண்டவர். 1856இல் தமது மூத்த மகளையும் உறவினர் பிள்ளைகள் சிலரையும் சேர்த்து வீட்டிலேயே பாட்டும் விளையாட்டுமாக ஒரு வகுப்பைத் தொடங்கினார். எல்லாம் ஜேர்மன் மொழியில். அமெரிக்காவின் முதலாவது கிண்டர்கார்டன் என்று கணிக்கப்படுவது இதுதான். ஜேர்மனில் அந்தச் சொல்லுக்குப் பிள்ளைகளின் தோட்டம் என்று பொருள். 1859இல் பொஸ்டனில் எலிசபெத் பீபொடி என்ற கல்வியாளர் இவர்களது மகளின் நடத்தையைக் கண்டு வியந்து, யார் வளர்த்தது, எப்படி வளர்த்தது என்று கேட்டறிந்தார். அடுத்த ஆண்டே அவர் ஆங்கிலத்தில் ஒன்றைத் தொடங்கினார். அங்கிருந்து அது நாடெங்கும் பரவியது. பேச்சுச் சுற்றுப்பயணம் என்று கணவர் மாதக்கணக்கில் வெளியே திரிந்த காலங்களில் வீட்டுப்பாரத்தையும் இந்த அம்மையாரே, தளர்ந்த உடம்போடு, சுமந்தார் என்பதையும் சொல்லவேண்டும். 1876இல் காலமானார். வாட்டர்டவுனில் அந்தச் சிறிய பள்ளிக் கட்டிடம் காப்பாற்றி வைக்கப்பட்டிருக்கிறது.

பிரசாவுரிமையும் வாக்கும்

அமெரிக்காவில் அப்போது அடிமை முறை இருந்தது. அதைப் புதிய நிலங்களுக்குப் பரவவிடக்கூடாது என்று எழுந்த குடியரசுக் கட்சியில் ஷூர்ட்ஸ் சேர்ந்தார். ஜேர்மன் குடியேறிகளின் வாக்கு அக்கட்சிக்குத் தேவைப்பட்டது. 1857இல், பிரசாவுரிமைக்கு வேண்டிய ஐந்து ஆண்டுகள் நிறைவதற்கும் முன்னரே, மாநிலத்தின் உதவி ஆளுநர் பதவிக்கு அவரை நிறுத்தினார்கள். நூற்றுச் சொச்சம் வாக்குகளில் தோற்றுப்போனார். 1858இல் இலினோய் மாநிலத்தில் லிங்கனுக்காக ஜேர்மனியரிடையே பேசினார். ஒரு நாள் புகையிரதத்தில் லிங்கனை முதன்முதலாகச் சந்தித்தார். அதே ஆண்டு சட்டத்தரணியாக அனுமதி பெற்று மில்வோக்கி நகரில் ஒரு கூட்டாளியோடு தொழில் தொடங்கினார். அக்காலத்தில் சட்டக்கல்லூரிப் பட்டம் கட்டாயமில்லை. சொந்தமாகப் படித்துத் தகுதி காட்டலாம். உண்மையில் நீதிமன்றத்தில் அவர் நின்ற நாட்கள் குறைவு. பேச்சுமேடையே அவருடைய நீதிமன்றமாயிற்று.

அப்படிப்பட்ட பேச்சுகளில் ஒன்று எங்களுக்கு முக்கியமானது. 1850களில் வெளிநாட்டிலிருந்து வந்தவர்களுக்கு எதிரான அலை ஒன்று அமெரிக்காவில் பலமாக வீசியது. அயர்லாந்திலிருந்து பஞ்சத்தால் வந்தவர்களும் ஜேர்மனியரும் நாட்டைக் கெடுக்கிறார்கள் என்று சொல்லியே ஒரு கட்சி மாசசூசெட்ஸ் மாநிலத்தில் ஆட்சியைப் பிடித்தது. அந்த அலை அடங்கிய பின்னரும் அதன் மிச்சமாக 1859இல் ஒரு சட்டத்திருத்தம் அங்கே வந்தது: பிரசாவுரிமை பெற்ற வெளிநாட்டவர் அதன்பின் மேலும் இரண்டு ஆண்டுகள் காத்திருந்தே வாக்களிக்கலாம். இதில் மனச்சங்கடம் என்னவென்றால், அதை ஆதரித்தவர்களில் ஷூர்ட்ஸின் சொந்தக் கட்சிக்காரரும், அடிமை முறையை எதிர்த்த நல்லவர்களும் இருந்தார்கள்.

ஏப்ரல் 18ஆம் திகதி பொஸ்டன் ஃபானுயில் மண்டபத்தில் ஷூர்ட்ஸ் பேசினார். குடியேறியவர்களுக்கு இரக்கம் காட்டுங்கள் என்று அவர் கேட்கவில்லை. வேறு விதமாக வாதித்தார். உரிமை என்பது ஒருவருக்கு மற்றவர் கொடுக்கும் சலுகை அல்ல. ஒரு சிறு கூட்டத்தினரிடமிருந்து அதை எடுத்துவிடலாம் என்று நீங்கள் ஒப்புக்கொண்டால், உங்களுடைய உரிமை நிற்கும் அத்திவாரத்தையே நீங்கள் தோண்டுகிறீர்கள். கறுப்பு மனிதனுக்காக ஒரு நியாயம், வெளியிலிருந்து வந்தவனுக்கு இன்னொரு நியாயம் என்று வைத்திருக்க முடியாது. இதுதான் அவர் பேச்சின் சாரம். பேச்சு நாடெங்கும் புகழ்பெற்றது. ஆனாலும் அடுத்த மாதமே மாசசூசெட்ஸ் வாக்காளர்கள் திருத்தத்தை நிறைவேற்றிவிட்டார்கள். 1863இல்தான் அது நீக்கப்பட்டது. ஆனால் 1860இல் சிக்காகோவில் லிங்கனை வேட்பாளராக்கிய மாநாட்டில், குடியேறியவர்களின் உரிமையைக் குறைக்கும் எந்தச் சட்டத்தையும் எதிர்ப்போம் என்ற வாசகம் கட்சியின் கொள்கை அறிக்கையிலேயே ஏறியது. அதற்காகப் பாடுபட்டவர்களில் ஷூர்ட்ஸ் முன்னணியில் இருந்தார்.

லிங்கன் ஜனாதிபதியானதும் இவரை ஸ்பெயினுக்குத் தூதுவராக அனுப்பினார். உள்நாட்டுப் போர் மூண்டதும் அப்பதவியை விட்டுவிட்டு வந்து இராணுவத்தில் சேர்ந்தார். 1863 மே மாதம் சான்சலர்ஸ்வில் சண்டையில் இவரிருந்த பதினோராவது படைப்பிரிவு பக்கவாட்டிலிருந்து வந்த எதிர்பாராத தாக்குதலில் சிதறியது. அந்தப் பக்கம் பாதுகாப்பில்லாமல் கிடக்கிறது என்று ஷூர்ட்ஸ் மேலதிகாரியிடம் முன்கூட்டியே எச்சரித்திருந்தார், அவர் செவிகொடுக்கவில்லை. அப்பிரிவில் ஜேர்மன்காரர் பலர். எனவே மறுநாள் பத்திரிகைகளுக்குக் காரணம் கண்டுபிடிப்பது சுலபமாக இருந்தது: ஜேர்மன்காரர் கோழைகள், ஓடிவிட்டார்கள். ஷூர்ட்ஸ் விசாரணை கேட்டார், தமது அறிக்கையை வெளியிடக் கேட்டார். இரண்டும் கிடைக்கவில்லை. ஒரு படை தோற்றால் அது தளபதியின் தவறு. அந்தப் படையில் வெளிநாட்டவர் இருந்தால் அது அவர்களுடைய இனத்தின் தவறு. அந்தப் பழியை ஜேர்மன் அமெரிக்கர்கள் நெடுங்காலம் மறக்கவில்லை.

போர் முடிந்தபின் தென்மாநிலங்களைச் சுற்றிப் பார்த்து, விடுதலை பெற்ற கறுப்பின மக்கள் எப்படி நசுக்கப்படுகிறார்கள் என்று 1865இல் ஒரு நீண்ட அறிக்கை எழுதினார். அவர்களுக்கு வாக்குரிமை வேண்டும் என்றார். புதிய ஜனாதிபதி ஜோன்சன் அதை விரும்பவில்லை. பின்பு சென்லூயிஸ் நகரில் ஜேர்மன் மொழித் தினசரியொன்றின் பங்காளியானார். அங்கே நிருபராகச் சேர்ந்த ஹங்கேரி நாட்டு இளைஞர் ஒருவர்தான் பிற்காலத்தில் பெரும்புகழ் பெற்ற ஜோசப் புலிட்சர். 1869இல் மிசூரி மாநிலத்தின் செனட்டரானார். ஜேர்மனியில் பிறந்து அச்சபையில் அமர்ந்த முதல் மனிதர் இவரே. நாடு தவறு செய்தால் அதைத் திருத்துவதே நாட்டுப்பற்று என்று 1872இல் சபையில் அவர் சொன்னது இன்றும் நினைவுகூரப்படுகிறது. ஆனால் அதே காலத்தில்தான், தென்மாநிலக் கறுப்பின மக்களை முகமூடிக் கொலைக் கும்பல்களிடமிருந்து காக்க மத்திய அரசு கொண்டுவந்த சட்டத்தை அவர் எதிர்த்தார். மத்திய அரசின் அதிகாரம் அளவுமீறுகிறது என்பது அவர் சொன்ன காரணம். 1865இல் அவரே எழுதிய அறிக்கையை யாராவது எடுத்து அவருக்கு வாசித்துக் காட்டியிருக்கலாம்.

அமைச்சர் நாற்காலி

1877இல் ஜனாதிபதி ஹேய்ஸ் இவரை உள்துறைக்குப் பொறுப்பாக நியமித்தார். அங்கே அந்தத் துறையின் வேலை பொலிஸ் அல்ல. அரசாங்க நிலங்கள், காடுகள், பூர்வகுடி மக்கள் விவகாரம் என்பனவாகும். நிர்வாகத்தில் நல்ல பெயர் எடுத்தார். சிபாரிசால் வேலை கொடுக்கும் வழக்கத்தைக் குறைத்துப் பரீட்சை வைத்தார். ஊழல் அதிகாரிகளை நீக்கினார். பூர்வகுடி மக்களைப் போர்த் துறையிடம் ஒப்படைக்க வேண்டுமென்று கேட்டவர்களைத் தடுத்து நிறுத்தினார்.

நெப்ராஸ்காவில் வாழ்ந்த பொன்கா என்ற சிறிய இனத்தாரின் நிலத்தை அரசாங்கம் 1868 ஒப்பந்தமொன்றில் தவறுதலாக வேறொரு இனத்துக்கு எழுதிக் கொடுத்துவிட்டது. அதன் விளைவாக 1877இல் அவர்களைத் தெற்கே நெடுந்தூரம் கொண்டுபோய் விட்டார்கள். அங்கே நோயில் பலர் செத்தார்கள். நிற்கும் கரடி என்று பெயர்கொண்ட தலைவரின் மகனும் இறந்தான். ஊர் மண்ணில் புதைக்கவேண்டுமென்பது மகனின் கடைசி விருப்பம். 1879 ஜனவரிக் குளிரில் முப்பது பேர் அளவில் அவனது உடலையும் கொண்டு வடக்கே புறப்பட்டார்கள். ஷூர்ட்ஸின் துறை இராணுவத்தைக் கொண்டு அவர்களைத் தடுத்து வைத்தது. ஒமாஹா நகரில் இரண்டு சட்டத்தரணிகள் ஊதியம் வாங்காமல் வழக்காடினார்கள். அரசு தரப்பின் வாதம் என்னவென்றால், பூர்வகுடி ஒருவர் சட்டத்தின் முன் வழக்குத் தொடுக்கக்கூடிய மனிதரே அல்லர் என்பது. நீதிபதி டண்டி மே மாதம் தீர்ப்பளித்தார்: அவர்களும் மனிதர்கள்தான், விடுங்கள். பொன்கா மக்களுக்கு அநீதி நடந்துவிட்டது என்று ஷூர்ட்ஸ் ஒப்புக்கொண்டார். இழப்பீட்டுக்கும் வழி செய்தார். ஆனால் அந்த இனம் முழுவதையும் பழைய ஊருக்குத் திரும்ப விட முடியாது என்று கடைசிவரை நின்றார். தாமே ஊர் திரும்ப முடியாதவராக இருந்தவர்.

அதே 1879இல் பென்சில்வேனியாவில் கார்லைல் என்ற இடத்துப் பழைய இராணுவ முகாம் பூர்வகுடிப் பிள்ளைகளின் விடுதிப் பள்ளியாயிற்று. அதற்கு அனுமதியும் ஆதரவும் கொடுத்தவர் ஷூர்ட்ஸ். மேற்கிலிருந்து பிள்ளைகளைப் புகையிரதத்தில் ஏற்றி வந்து தலைமயிரை வெட்டினார்கள். பெயரை மாற்றினார்கள். தாய்மொழியில் கதைக்கக்கூடாது என்று தடைபோட்டார்கள். நோயில் இறந்த பிள்ளைகளுக்கு அங்கேயே இடுகாடும் இருந்தது. இதுபோன்ற பள்ளிகள் பின்பு நாடெங்கும் கட்டப்பட்டன. அழிந்துபோவதா அல்லது வெள்ளையர்போல மாறுவதா, இந்த இரண்டைவிட அம்மக்களுக்கு வேறு வழியில்லை என்று ஷூர்ட்ஸ் மனதார நம்பினார். கெட்ட எண்ணத்தோடு செய்தவரல்லர். தம் பிள்ளைக்குத் தாய்மொழியில் பாலர் வகுப்பு நடத்திய வீட்டிலிருந்து வந்த மனிதர் இதற்குக் கையொப்பமிட்டார் என்பதுதான் அவருடைய வாழ்க்கையை வாசிக்கும்போது எங்களால் தாண்டிப்போக முடியாத இடம்.

பதவியிலிருந்து 1881இல் இறங்கியபின் நியூயோர்க்கில் பத்திரிகை எழுத்தும் பேச்சுமாக வாழ்ந்தார். 1898இல் ஸ்பெயினோடு நடந்த போருக்குப் பின் பிலிப்பைன்ஸ் தீவுகளை அமெரிக்கா பிடித்துவைத்திருப்பதைக் கடுமையாக எதிர்த்தார். மற்ற இனத்தை அதன் விருப்பமின்றி ஆளும் குடியரசு குடியரசாக இராது என்றார்.

1897இல் ஜேர்மன் பாடகர் சங்கமொன்றின் விழாவில் தாய்மொழியைப் பற்றிப் பேசினார். ஆங்கிலத்தை நன்றாகக் கற்கத்தான் வேண்டும், அதில் இரண்டாம் பேச்சில்லை. ஆனால் ஒன்றைப் படிப்பதற்காக மற்றதை மறக்கவேண்டும் என்று யார் சொன்னது என்று கேட்டார். தங்களுடைய வசதிக்காகப் பிள்ளைகளுக்குத் தாய்மொழியைக் கொடுக்காமல் விட்டுவிடும் பெற்றோரைக் கண்டால் தமக்குப் பொறுக்கவில்லை என்றார். தமது வீட்டில் ஜேர்மன் மொழிதான், கடிதப் போக்குவரத்தும் அதில்தான் என்றும் சொன்னார். நாற்பத்தைந்து ஆண்டுகள் அந்நாட்டில் வாழ்ந்து, செனட்டராகவும் அமைச்சராகவும் இருந்துவிட்டவர் சொன்னது.

முதுமையில் சுயசரிதை எழுத உட்கார்ந்தார். பிறந்த கிராமம், பொன் பல்கலைக்கழகம், சுரங்கம், ஸ்பாண்டௌ, லண்டன் வரையுள்ள பகுதியை ஜேர்மன் மொழியில் எழுதினார். கப்பலிலிருந்து நியூயோர்க்கில் இறங்கிய பிறகு வரும் பகுதியை ஆங்கிலத்தில் எழுதினார். நடந்தது எந்த மொழியிலோ அந்த மொழியில்தான் நினைவும் வந்ததாம். செனட் சபைக்குள் காலடி வைக்கும் கட்டத்தை ஒட்டிக் கதை நின்றுவிட்டது. 1906 மே 14ஆம் திகதி நியூயோர்க்கில் காலமானார். மீதியை வேறு இருவர் ஆங்கிலத்தில் எழுதி முடித்தார்கள்.